பின்பக்கம்

மேலப்பாளையத்தில் செய்யது பட்டாணியின் பழைய பேப்பர் கடைக்கு
தராசு ஏறுமுன்னே போய்விட வேண்டும்.
ஏறிவிட்டால் எல்லாம் ஒரே விலை,
பத்தாம் வகுப்பு நோட்ஸும்
எழுபத்து மூன்றாம் வருஷத் தீபாவளி மலரும்.

"ஒமக்கு மட்டும் ஏன் வே இந்தக் கிறுக்கு?" என்பார்.
கூட்டுறவு வங்கியில் பகலெல்லாம் வட்டி போடுகிறவனுக்குக்
கிறுக்கு என்று ஒன்றாவது வேண்டாமா?

அன்று அகப்பட்டது ‘சுடர்க்கொடி’ வார இதழ், நாற்பத்தோரு பிரதி.
துருவேறிய பின். கரப்பான் முட்டை.
பஸ்ஸில் மடியில் வைத்து வந்ததில்
வேட்டியில் செங்கல் நிறத்தில் ஒரு கோடு,
இன்னும் போகவில்லை.

விரித்துப் பார்த்தால்
ஒவ்வொன்றிலும் நடுவே இரண்டு தாள் இல்லை.
பிளேடு வைத்து அறுத்த நேர்த்தி.
யாரோ தொடர்கதையை மட்டும் எடுத்துக்கொண்டு
மிச்சத்தை எடைக்குப் போட்டிருக்கிறார்கள்.

கூந்தல் தைலத்தின் விளம்பரம் இரு பக்கம் விரிந்தது போலும்.
இங்கே பின்னல் மட்டும் தொங்குகிறது.
சொதிக் குழம்புக்கு உப்பு எவ்வளவு என்பது
இருபத்தாறாம் பக்கத்தோடு போய்விட்டது.
ஒரு டாக்டர் நோயாளியிடம் ஏதோ கேட்கிறார்,
நோயாளி பதில் சொல்லவே இல்லை.

இரண்டு வருஷம் கழித்து
கடன் நோட்டீஸ் கொடுக்க முக்கூடல் போனேன்.
பழைய இரும்புக்காரனின் தள்ளுவண்டியில்
உடைந்த இஸ்திரிப்பெட்டிக்கு அடியில்
காலிகோ முதுகு போட்ட கனத்த பைண்டு.
‘கு. முப்பிடாதி. இரவல் கேட்கக் கூடாது.’
முப்பது ரூபாய். பேரம் பேச வாய் வரவில்லை.

கதையை நான் முதலில் படிக்கவில்லை.
பின்பக்கங்களைத்தான்.
பின்னலுக்கு ஒரு முகம் கிடைத்தது,
லேசான மாறுகண்.
உப்பு, தேவையான அளவு.
நோயாளி பதில் சொன்னான்.
இரண்டு வருஷம் காத்திருந்த சிரிப்பு, சுமார்தான்.

பிறகு ஒரே ராத்திரியில் கதை.
சுலோசனா, பம்பாயில் புருஷன்,
தபாலில் வந்த டீச்சர் வேலை ஆர்டர்.
நாற்பத்தோரு வாரம் அச்சு.
கடைசி வாரம் மட்டும் கையெழுத்து,
கோடு போட்ட தாளில், நீல மையில்.
மேலே ஒரு குறிப்பு:
‘ஆற்றில் வெள்ளம், புஸ்தகம் வரவில்லை.
ஆலங்குளம் பாப்பாத்தியிடம் வாங்கிப் பார்த்து எழுதியது.’

அந்த இதழைச் சங்கரன்கோவிலில் பிடித்தேன்,
ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருவரிடம்.
கொடுத்த விலை வீட்டுக்குத் தெரியாது.
பேரேட்டுக்கும் ரசீதுக்கும் ஒத்துப்பார்க்கிற மாதிரி
பென்சிலால் வரிக்கு வரி டிக் அடித்தேன்.
ஒரு கால், ஒரு புள்ளி தப்பவில்லை,
‘ஆர்டரை மடித்து ஜாக்கெட்டுக்குள் வைத்தாள்’ என்பது வரை.

அதற்கப்புறம் அச்சில் இன்னொரு பத்தி இருக்கிறது.
இரவு, சுலோசனா அதை அடுப்பில் போடுகிறாள்.
காகிதம் சுருண்டு கருகுவதை
ஆசிரியர் நன்றாகவே எழுதியிருக்கிறார்.
புருஷனுக்கு வெந்நீர் காய்கிறது. சுபம்.

முப்பிடாதியின் தாளில் அது இல்லை.
ஜாக்கெட்டுக்குள் வைத்தாள். முற்றும்.
இடம் போதவில்லையோ என்று எண்ணிப் பார்த்தேன்.
கீழே ஆறு கோடு காலி.

தாளைத் திருப்பினேன், பழக்க தோஷம்.
பின்பக்கம் பீடிக் கணக்கு:
திங்கள் ஆயிரம்.
செவ்வாய் எண்ணூறு, இலை மட்டம்.
புதன் ஆயிரத்து நூறு, கழிவு மூணு கட்டு.
வெள்ளி எழுநூறு, தூள் பாக்கி.
வியாழனைத் தேடினேன்.
இருந்தது. எதிரே தொகை இல்லை,
ஒரு சின்னக் கோடு மட்டும்.

‘சுடர்க்கொடி’
வியாழக்கிழமை வரும்.